லீவு ரிஜிஸ்டரில் காரணம் எழுதும் கட்டம்

1. கிழித்துப் போட்ட லெட்டர்

விருத்தாசலத்தில் பீங்கான் சாமான் செய்யும் ஒரு கம்பெனியில் இருபத்தாறு வருஷம் டைம் ஆபீஸ் கிளார்க்காக இருந்தேன். டைம் ஆபீஸ் என்பது கேட்டை ஒட்டிய ஒரு சின்ன அறை. அதற்கு ஒரு ஜன்னல். ஜன்னலுக்கு அந்தப் பக்கம் தொழிலாளி, இந்தப் பக்கம் நான். யார் எத்தனை மணிக்கு வந்தார், எத்தனை மணிக்குப் போனார், எத்தனை நாள் லீவு போட்டார் என்பதெல்லாம் என் கையெழுத்தில்தான் இருக்கும். என் கையெழுத்து அச்சடித்த மாதிரி இருக்கிறது என்று ஆடிட்டர் வரைக்கும் பாராட்டியிருக்கிறார்கள். அந்த அழகான கையெழுத்தால் ஒருவருக்கு வேலை போனது. அதைத்தான் எழுத உட்கார்ந்திருக்கிறேன். இப்போது டைம் ஆபீஸ்களில் இருக்கிற பிள்ளைகள் படிக்க வேண்டும் என்பது என் ஆசை.

இரண்டாயிரத்து நாலு அல்லது ஐந்தாக இருக்கும். ஒரு திங்கட்கிழமை காலை, ஷிப்டுக்குச் சங்கு ஊதுவதற்கு முன்பே செல்வராசு ஜன்னலில் வந்து நின்றார். அவர் பால் மில் செக்‌ஷன். பால் மில் என்பது கல்லை மாவாக அரைக்கிற பெரிய இரும்பு உருளை. கல்லைக் கொட்டும்போது தூசி கிளம்பும். அங்கே வேலை செய்கிறவர்கள் ஷிப்டு முடிந்து வெளியே வந்தால் புருவம், கண் இமை எல்லாம் வெள்ளையாக இருக்கும். செல்வராசு வாயில் கொழுக்கட்டையை அடைத்துக்கொண்ட மாதிரி இருக்கிற ஆள். பன்னிரண்டு வருஷத்தில் என்னோடு பன்னிரண்டு வார்த்தை பேசியிருந்தால் அதிகம்.

ஒரு லெட்டரை நீட்டினார். கோடு போட்ட நோட்டுத்தாள். ஒவ்வொரு எழுத்தும் குண்டு குண்டாக, தனித்தனியாக நின்றது. தன் மனைவி அஞ்சலைக்கு இரண்டு கிட்னியும் கெட்டுவிட்டது, பாண்டிச்சேரி ஆஸ்பத்திரியில் சேர்க்கச் சொல்கிறார்கள், கூட இருந்து பார்த்துக்கொள்ள வேறு யாரும் இல்லை, ஆகவே பன்னிரண்டு நாள் சிக் லீவு வேண்டும் என்று எழுதியிருந்தது.

"செல்வராசு, சிக் லீவுன்னா நீ சீக்கா இருக்கணும்ப்பா. ஒம் பொண்டாட்டி சீக்கா இருந்தா அதுக்கு லீவு கெடையாது" என்றேன்.

"கேஷுவலு இருக்குதாக்கா?"

"அது போன மாசமே தீந்து போச்சு."

"அப்ப நானு என்னாக்கா பண்றது? அவ பாத்ரூம் போவணும்னாக்கூட ஒரு ஆளு புடிச்சிக்கணும்."

கம்மாபுரம் பக்கத்துக்காரர்கள் அவர்கள். நிலக்கரிச் சுரங்கத்துக்கு நிலம் போன பிறகு சொந்தக்காரர்கள் ஆளுக்கொரு திசையாகப் போய்விட்டார்கள். இவர்கள் டவுனில் வாடகை வீட்டுக்கு வந்துவிட்டார்கள். பிள்ளை இல்லை. செல்வராசுவுக்கு அஞ்சலை, அஞ்சலைக்குச் செல்வராசு, அவ்வளவுதான் குடும்பம்.

சம்பளமில்லாத லீவு கேட்டால் எங்கள் மானேஜர் மூன்று நாளுக்கு மேல் கையெழுத்துப் போட மாட்டார். பத்து நாள் சொல்லாமல் நின்றுவிட்டால் பெயரை அடித்துவிடுவார்கள். பெயர் போனால் இன்சூரன்ஸ் கார்டும் போகும். அந்தக் கார்டை வைத்துத்தான் அஞ்சலைக்கு வைத்தியம் நடந்தது. ஆக, பொண்டாட்டியைப் பார்த்துக்கொள்ளப் போனால் வைத்தியம் போய்விடும். வைத்தியத்துக்காக வேலைக்கு வந்தால் பார்த்துக்கொள்ள ஆள் இல்லை.

இந்த மாதிரி நேரத்துக்கு எங்கள் கம்பெனியில் ஒரு வழக்கம் இருந்தது. வீட்டில் யாருக்கு நோய் வந்தாலும் தொழிலாளி தன் பேரில் எழுதிக்கொள்வார். பஸ் ஸ்டாண்டு பக்கம் சர்டிபிகேட் தருகிற டாக்டர் ஒருவர் இருந்தார். நாக்கை நீட்டச் சொல்வார், கையெழுத்துப் போட்டுக் கொடுப்பார். பிள்ளைக்கு வயிற்றுப்போக்கு என்றால் அப்பாவுக்கு மூன்று நாள் வயிற்றுப்போக்கு. அம்மாவுக்குக் கால் முறிந்தால் மகனுக்கு இரண்டு வாரம் மஞ்சள்காமாலை. என் ரிஜிஸ்டரைப் படித்தால், எங்கள் தொழிலாளிகள் வீட்டில் ஒரு குழந்தைக்குக்கூடக் காய்ச்சல் வந்ததே இல்லை. எல்லாக் காய்ச்சலும் அப்பாக்களுக்கே வந்திருக்கிறது. மானேஜருக்கும் இது தெரியும். தெரியாத மாதிரி இருப்பார்.

இதில் நான் பெரிய கெட்டிக்காரி. யாருக்கு எந்த நோய் பொருந்தும் என்று சொல்லித் தருவதே நான்தான். அதை உதவி என்று நினைத்துப் பெருமைப்பட்டுக்கொண்டிருந்தேன்.

"இந்த லெட்டர மானேஜர் பாத்தா ஒன்ன சிக் லீவுல வுடவே மாட்டாரு" என்று சொல்லி, அதை நாலாகக் கிழித்து என் காலடியில் இருந்த கூடையில் போட்டேன். "நெஞ்சுச்சளி, மூச்சிரைப்புன்னு சர்டிபிகேட் வாங்கியா. நீ பால் மில்லுல இருக்கற ஆளு. ஒருத்தனும் ஒண்ணும் கேக்க மாட்டான்."

அவர் கூடையைப் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்துத் தலையாட்டிவிட்டுப் போனார். மறுநாள் சர்டிபிகேட் வந்தது. ரிஜிஸ்டரில் காரணம் என்ற கட்டத்தில் 'நெஞ்சுச்சளி' என்று அழகாக எழுதினேன்.

2. அஞ்சலை

அந்த ஒரு வருஷத்தில் செல்வராசு மூன்று தடவை அப்படி லீவு போட்டார். இரண்டாவது தடவை வந்தபோது, "இந்த வாட்டி வேற எதாச்சும் எழுதிக்கட்டாக்கா?" என்று கேட்டார்.

"வேணாம். மாத்தி மாத்தி எழுதுனா மாட்டிக்குவ. ஒரே நோவா இருக்கட்டும், அப்பதான் நம்புவாங்க" என்றேன்.

இதை நான் சொன்ன இடம், நேரம், அப்போது என் மேஜைமேல் இருந்த டீ டம்ளர் வரைக்கும் எனக்கு ஞாபகம் இருக்கிறது.

மூன்றாவது லீவின்போது ஒரு ஞாயிற்றுக்கிழமை, பூசை முடிந்து மாதா கோயிலில் இருந்து வருகிற வழியில் அவர்கள் வீட்டுக்குப் போனேன். பாண்டிச்சேரியில் இருந்து முதல்நாள்தான் திரும்பியிருந்தார்கள். ஒரே அறை. அஞ்சலை பாயில் சுவரோடு சாய்ந்து உட்கார்ந்திருந்தாள். முகமும் காலும் வீங்கியிருந்தன. செல்வராசு அவளுக்குப் பின்னால் முட்டி போட்டுக்கொண்டு தலை பின்னிக்கொண்டிருந்தார். பால் மில்லில் சாக்கு மூட்டை தூக்குகிற கை. பின்னல் ஒரு பக்கமாகக் கோணிக்கொண்டு போனது.

"வாங்கக்கா" என்றாள். "பாருங்க, எங்கூட்டுக்காரருக்கு நெஞ்சுச்சளியாம். எழுந்துக்கவே முடியலியாம். நாந்தான் கூட இருந்து பாத்துக்கறேன்."

எனக்குச் சிரிப்பு வந்தது. செல்வராசுவும் சிரித்தார். அவர் சிரித்து நான் பார்த்தது அன்றைக்குத்தான்.

"மூணு வாட்டியும் அவரு பேர்லயே எழுதிக்கினாராமே?" என்றாள்.

"அப்பிடித்தாம்மா எழுத முடியும். ரூலு அப்பிடி."

"என்னா ரூலோ. நோவு எனுக்கு. அதக்கூட எம் பேர்ல எழுத வுட மாட்டேங்கறாங்க."

விளையாட்டாகத்தான் சொன்னாள். வாங்கிப்போன சாத்துக்குடியைக் கொடுத்தேன். அவளுக்குப் பழச்சாறு ஆகாது என்று டாக்டர் சொல்லியிருக்கிறார் என்றார் செல்வராசு. தண்ணீர்கூட அளந்துதான். எது எவ்வளவு கொடுக்கலாம், எந்த மாத்திரை சாப்பாட்டுக்கு முன்னால், எந்த மாத்திரை பின்னால் என்று நர்ஸ் மாதிரி ஒப்பித்தார். பன்னிரண்டு வார்த்தை பேசாத மனுஷன், அன்றைக்கு அரைமணி நேரம் பேசினார்.

3. லிஸ்ட்

அடுத்த மாதம் மானேஜர் என்னைக் கூப்பிட்டார். வெளியூரில் ஏதோ ஒரு கல் அரைக்கிற கம்பெனியில், தூசியால் நுரையீரல் கெட்டுப்போன தொழிலாளிகள் நஷ்டஈடு கேட்டுக் கேஸ் போட்டிருக்கிறார்களாம். அது எங்கள் முதலாளியின் காதுக்கு வந்துவிட்டது. தூசியைக் குறைக்க என்ன செய்யலாம் என்று அவர் கேட்கவில்லை. கேஸ் போடக்கூடிய ஆள் யார் யார் என்று கேட்டார்.

"ஏம்மா, நெஞ்சு கம்ப்ளெயின்ட்டுன்னு லீவு போட்டவங்க லிஸ்ட் ஒண்ணு எடுங்க. மூணு வருஷத்துக்கு" என்றார் மானேஜர். "முதலாளிக்கு இன்னிக்கே வேணும்."

ரிஜிஸ்டரைப் புரட்டினேன். எல்லாம் என் எழுத்து. ஏழு பெயர் இருந்தது. மற்ற ஆறு பேருக்கும் ஒவ்வொரு தடவைதான். செல்வராசுவுக்கு மட்டும் மூன்று. ஒரே நோய், ஒரே வருஷம். நான் சொன்னபடி கச்சிதமாக இருந்தது.

அவர் பெயரை விட்டுவிடலாமா என்று யோசித்தேன். ஆனால் ரிஜிஸ்டரை மானேஜர் வாங்கிப் பார்ப்பார். விட்டது தெரிந்தால் என் வேலைக்கு ஆபத்து. என் கணவர் ஓட்டிக்கொண்டிருந்த மினி பஸ் நின்று ஐந்து மாதம் ஆகியிருந்தது. என் சம்பளத்தில்தான் வீட்டில் அடுப்பு எரிந்தது. பெயரை எழுதினேன். முதல் பெயராக எழுதினேன், ஏனென்றால் எண்ணிக்கைப்படி எழுதுவதுதான் முறை.

4. எக்ஸ்ரே சுத்தம்

ஏழு பேரையும் கடலூரில் ஒரு ஸ்கேன் சென்டருக்கு வேன் வைத்து அனுப்பி எக்ஸ்ரே எடுத்தார்கள். ஐந்து பேருக்கு நுரையீரலில் சின்னச் சின்ன நிழல் இருந்தது. கொஞ்சம் கொஞ்சமாக ஆறே மாதத்தில் ஐந்து பேரையும் 'உடல் தகுதி இல்லை' என்று எழுதி அனுப்பிவிட்டார்கள். அது வேறு அநியாயம்.

மீதி இரண்டு பேருக்கும் எக்ஸ்ரே சுத்தமாக இருந்தது. ஒருவர் ஒரே தடவை லீவு போட்டவர் என்பதால் அவரை விட்டுவிட்டார்கள். இன்னொருவர் செல்வராசு. பன்னிரண்டு வருஷம் பால் மில்லில் நின்றவருக்குத் துளி நிழல் இல்லை. படத்தை ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தபோது, 'கடவுளே, உனக்கு ஸ்தோத்திரம்' என்று வாய்விட்டுச் சொன்னேன். நான் எவ்வளவு பெரிய மடச்சி என்று மூன்றாம் நாள் விசாரணையில் தெரிந்தது.

மானேஜர் ரூமில் விசாரணை. மானேஜர், செல்வராசு, குறிப்பெடுக்க நான். மேஜையில் ஒரு பக்கம் எக்ஸ்ரே, இன்னொரு பக்கம் மூன்று சர்டிபிகேட்.

"ஏம்ப்பா, ஒனக்கு நெஞ்சுல நோவு இருக்குதா, இல்லியா?" என்று மானேஜர் கேட்டார்.

செல்வராசு எக்ஸ்ரேயைப் பார்த்தார், சர்டிபிகேட்டுகளைப் பார்த்தார்.

"இருக்குதுன்னு சொன்னீன்னா நீ வேலைக்கு லாயக்கில்ல. இல்லன்னு சொன்னீன்னா இந்த மூணு சர்டிபிகேட்டும் பொய். பொய் சர்டிபிகேட் குடுத்தா டிஸ்மிஸ். நீயே சொல்லு."

"சார், எம் பொண்டாட்டிக்கு முடியலிங்க சார். கிட்னி ரெண்டும் போயிடுச்சி. கூட இருக்க ஆளு இல்லிங்க."

"அத ஒரு வார்த்த எழுதிக் கேட்டியா?"

செல்வராசு என் பக்கம் திரும்பவில்லை. மேஜை விளிம்பையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"கேக்கலிங்க."

"இப்பிடிப் பொய்யா எழுதிக் குடுக்கச் சொல்லி ஒனக்கு யாரு சொல்லிக் குடுத்தது?"

அந்த இடத்தில் நான் பேசியிருக்க வேண்டும். எழுதிக் கேட்டார் சார், நான்தான் கிழித்தேன். நோயின் பெயரைச் சொன்னதும் நான்தான் என்று சொல்ல இரண்டு வரி போதும். என் கையில் பேனா இருந்தது. கேள்வியை எழுதி முடித்துவிட்டு, பதிலுக்காகக் காத்திருக்கிற மாதிரி தலையைக் குனிந்துகொண்டேன். பயந்தேன். அதற்கு வேறு நாகரிகமான பெயர் வைக்க எனக்கு இஷ்டமில்லை.

"யாரும் இல்லிங்க. நானேதாங்க பண்ணேன்" என்றார் செல்வராசு.

அதையும் எழுதினேன். அழகாகத்தான் எழுதினேன். கீழே அவர் குண்டு குண்டாகக் கையெழுத்துப் போட்டார். அந்த மாதக் கடைசியில் அவரை டிஸ்மிஸ் செய்தார்கள்.

கார்டு கொஞ்ச நாள் ஓடியது. பிறகு நின்றது. ரத்தம் சுத்தம் பண்ண வாரம் இரண்டு தடவை பாண்டிச்சேரிக்குப் போனவர்கள் ஒரு தடவை போனார்கள். பிறகு முடிந்தபோது போனார்கள். பொங்கல் கழிந்து அஞ்சலை இறந்துபோனாள். நான் சாவுக்குப் போனேன். தலையை யாரோ தெருப் பெண்கள் நேராக, அழகாகப் பின்னியிருந்தார்கள். அதைப் பார்த்ததும் என்னால் அங்கே நிற்க முடியவில்லை.

5. கடலூரில் கேட்ட கேள்வி

அஞ்சலை செத்த பிறகுதான் தொழிலாளிகளுக்கு ரோஷம் வந்தது. எங்கள் யூனியன் செக்ரட்டரி கோவிந்தன் நல்ல வாய்க்காரர். வீட்டில் யாருக்காவது உடம்பு முடியவில்லை என்றால், தன் சிக் லீவையே அதற்கும் எடுத்துக்கொள்ளத் தொழிலாளிக்கு உரிமை வேண்டும் என்று கோரிக்கை எழுதிக் கொடுத்தார். கம்பெனி முடியாது என்றது. விஷயம் கடலூர் லேபர் ஆபீசரிடம் போனது. மானேஜர் என்னையும் ரிஜிஸ்டரோடு கூட்டிக்கொண்டு போனார்.

ஆபீசர் பொறுமையான மனுஷன். கோவிந்தன் சொன்னதையெல்லாம் கேட்டுக்கொண்டார். பிறகு, "சட்டத்துல இதுக்குத் தனியா ஒண்ணும் இல்ல. ஆனா தேவை இருக்குன்னு காட்டுனீங்கன்னா, நான் கம்பெனிகிட்டப் பேசி ஒரு ஒப்பந்தம் போட வைக்கலாம். இதுவரைக்கும் எத்தனை பேர் இந்தக் காரணத்துக்கு லீவு கேட்டிருக்காங்க?" என்றார்.

"எல்லாருமே கேட்டிருக்காங்க சார்" என்றார் கோவிந்தன்.

மானேஜர் என் மடியில் இருந்த ரிஜிஸ்டரை வாங்கி அவர் முன்னால் திறந்து வைத்தார். "பாருங்க சார். பத்து வருஷ ரிஜிஸ்டர். பொண்டாட்டி, புள்ளைக்கு முடியலன்னு ஒருத்தர்கூட லீவு கேட்டதில்ல. கேக்காத ஒண்ண நாங்க எப்பிடி மறுத்தோம்னு சொல்றாங்க?"

ஆபீசர் ஒவ்வொரு பக்கமாகப் புரட்டினார். காய்ச்சல். வயிற்றுப்போக்கு. மஞ்சள்காமாலை. நெஞ்சுச்சளி. காரணம் என்ற கட்டத்தில் மனைவி இல்லை, குழந்தை இல்லை, தாய் தகப்பன் இல்லை.

"ஒரு லெட்டர்? வேணாம்னு திருப்பி அனுப்புன லெட்டரா இருந்தாலும் பரவால்ல. ஒண்ணே ஒண்ணாவது இருக்கா?" என்று கேட்டார்.

கோவிந்தன் என்னைப் பார்த்தார். கோடு போட்ட அந்த நோட்டுத்தாள் என் கண்ணுக்கு முன்னால் வந்து நின்றது. நாலு துண்டாக.

"இல்லைங்க சார்" என்றேன்.

கோரிக்கை அதோடு போயிற்று. திரும்பி வருகிற வழியெல்லாம் மானேஜர் என்னைப் பாராட்டிக்கொண்டு வந்தார். ரிஜிஸ்டரை இவ்வளவு நீட்டாக வைத்திருக்கிற கிளார்க்கை அவர் பார்த்ததில்லையாம். வடலூரில் வண்டியை நிறுத்தி டீ வாங்கித் தந்தார். நான் அதைக் குடித்தேன் என்பதையும் எழுதிவிடுகிறேன்.

6.

செல்வராசுவை அதற்குப் பிறகு ஒரே ஒரு தடவை பார்த்தேன். பஸ் ஸ்டாண்டில், ஸ்ரீமுஷ்ணம் பஸ்ஸுக்குக் காத்திருந்தார். அந்தப் பக்கம் ஒரு செங்கல் சூளையில் வேலை என்றார். ரொம்ப இளைத்திருந்தார். என்னைப் பார்த்ததும் எழுந்து நின்றார்.

மனசில் இருந்ததையெல்லாம் கொட்டினேன். "அன்னிக்கு நான் வாயத் தொறந்திருக்கணும் செல்வராசு."

"தொறந்திருந்தா ரெண்டு பேரு வேல போயிருக்கும்க்கா. வுடுங்க. அந்த மூணு லீவுலதான் நானு அவ கூட இருந்தது. அத நீங்கதான் வாங்கிக் குடுத்தீங்க."

நன்றி சொல்கிறார் என்று எனக்குப் புரியக் கொஞ்ச நேரம் ஆனது. அவர் திட்டியிருந்தால் தாங்கியிருப்பேன்.

"ஒன் லெட்டர நான் கிழிச்சிட்டேன்ப்பா. அது ஒண்ணு இருந்திருந்தா மத்தவங்களுக்காவது அந்த லீவு கெடச்சிருக்கும்" என்றேன்.

"தெரியும்க்கா. கடலூருல லெட்டரு கேட்டாங்கன்னு கோவிந்தண்ணன் சொன்னாரு." பஸ் வருகிறதா என்று ஒரு தடவை எட்டிப் பார்த்தார். "எனுக்கு அவ்ளோ எழுத வராது. அஞ்சலதான் பாயில படுத்துக்கினு ஒவ்வொரு எழுத்தா சொன்னா. எழுதி முடிக்க ரெண்டு நாளு ஆச்சி."

பஸ் வந்தது. "போயிட்டு வரேன்க்கா" என்று ஏறிக்கொண்டார்.

அதற்குப் பிறகு ஒன்பது வருஷம் அந்த ஜன்னலில் உட்கார்ந்தேன். யாருக்கும் நோய் சொல்லித் தரவில்லை. பிள்ளைக்கு முடியவில்லை என்று எழுதி வந்தால் அப்படியே வாங்கி, நம்பர் போட்டு, மேலே அனுப்பினேன். பெரும்பாலும் 'அனுமதி இல்லை' என்று சிவப்பு மையில் திரும்பி வந்தது. தொழிலாளிகள் என்னைத் திட்டினார்கள். முன்பெல்லாம் நல்ல வழி சொல்லித் தருவீங்களே, இப்ப என்ன திடீர்னு நியாயஸ்தர் ஆயிட்டீங்க என்று மூஞ்சிக்கு நேராகக் கேட்டார்கள். நான் அந்த லெட்டர்களை ஒரு ஃபைலில் வரிசையாகக் குத்தி வைத்தேன். நான் ரிடையர் ஆகிற வரைக்கும் அந்த உரிமை எங்கள் கம்பெனிக்கு வரவில்லை. ஆனால் எத்தனை பேர் கேட்டார்கள் என்று இனி யாராவது கேட்டால், எண்ணிக் காட்ட அந்த ஃபைல் இருக்கிறது.

டைம் ஆபீஸில் இருக்கிற பிள்ளைகளே, காரணம் என்ற கட்டத்தில் அவர்கள் சொல்வதை எழுதுங்கள். மானேஜர் தர மாட்டார் என்று உங்களுக்கு முன்கூட்டியே தெரிந்தாலும் எழுதுங்கள். ஜன்னலில் நீட்டுகிற லெட்டரைக் கிழிக்காதீர்கள். அதை எழுத அவர்களுக்கு எத்தனை நாள் ஆனது என்று உங்களுக்குத் தெரியாது.